படியோடு திரும்பிப் போன மருந்து

கடுகு குளியலறை வாசலில் விழுந்தபோது அவள் அப்பா சிரித்துவிட்டான்.

சிரிக்காமல் இருந்திருந்தால்தான் ஆச்சரியம். மூன்று வயது நிரம்பாத அந்தப் பெண்ணுக்குக் குளியல் என்றாலே நாடகம்தான். வயிறு வலிக்கிறது என்பாள், கண்ணில் தூசி என்பாள். ஒருமுறை வாளியைக் காட்டி, தண்ணி தூங்குது, எழுப்பினா அழும் என்றுகூடச் சொல்லிப் பார்த்தாள். ஆள் ஒரு பிடி, பேச்சு வீடு கொள்ளாது. அதனால்தான் பிளம்பர் வேலை பார்க்கும் அவள் அப்பா அவளுக்குக் கடுகு என்று செல்லப்பேர் வைத்திருந்தான். சில நாளாகக் காய்ச்சலில் சுருண்டு கிடந்தவள் அன்று காலையில்தான் கண் தெளிந்து பேச ஆரம்பித்திருந்தாள். பேச்சு வந்ததும் நடிப்பும் வந்துவிட்டது என்று அவன் சந்தோஷப்பட்டுக்கொண்டிருந்தான்.

"எந்திரிடி நடிகை. அப்பாவுக்கு வேலைக்கு நேரமாகுது."

"கால் வரமாட்டேங்குதுப்பா."

"வராம எங்க போச்சாம்?"

அக்குளில் கைகொடுத்துத் தூக்கி நிறுத்தினான். வலது கால் நின்றது. இடது கால் ஈரத்துணி மாதிரி மடங்க, அவள் அவன் முழங்காலில் முகம் மோதி விழுந்தாள். இந்த முறை வீறிட்டு அழுதாள். அது நடிப்பு அழுகை இல்லை என்பது அவனுக்குப் புரிந்தது.

அடுப்படியிலிருந்து ஓடிவந்த மனைவி குழந்தையின் இடுப்பைத் தடவிப் பார்த்தாள். "நேத்து ஊசி போட்ட பக்கம்தானே இது. வலியில காலை ஊன மாட்டேங்குறா போல. ஒத்தடம் குடுத்துப் பார்ப்போம்" என்றாள். முந்தைய நாள் தெருமுனை டாக்டரிடம் காய்ச்சலுக்கு ஊசி போட்டிருந்தார்கள். அவனும் அதை நம்பினான். நம்ப வேண்டும் போல இருந்தது.

மதியத்துக்குள் கால் முழுக்கத் தொங்கிவிட்டது. தூக்கினால் தூக்கின இடத்தில், விட்டால் விட்ட இடத்தில். கிள்ளினால் அழுதாள், ஆனால் காலை இழுத்துக்கொள்ள முடியவில்லை. மாடியில் குடியிருக்கும் அண்ணன் சத்தம் கேட்டு இறங்கிவந்தான்.

"அந்த ஊசிக்காரன் நரம்புல குத்திட்டான்டா! வா, அவன் சட்டையைப் பிடிச்சுக் கேட்கலாம்."

போனார்கள். சட்டையைப் பிடிக்க வேண்டிய தேவை வரவில்லை. தெருமுனை டாக்டர் காலைத் தொட்டுப் பார்த்தார், முகம் வெளிறியது. "ஒரு நிமிஷம்கூட இங்க நிக்காதீங்க. பெரிய ஆஸ்பத்திரிக்குப் போங்க" என்றார்.

பெரிய ஆஸ்பத்திரியின் குழந்தைகள் வார்டில் டாக்டரம்மா ஒருத்தி ரப்பர் சுத்தியால் கடுகின் வலது முழங்காலைத் தட்டினாள். பாதம் துள்ளியது. இடது முழங்காலைத் தட்டினாள். மறுபடி தட்டினாள். இடம் மாற்றித் தட்டினாள். பாதம் சும்மா கிடந்தது. பிறகு அவள் குழந்தையின் நெஞ்சு ஏறி இறங்குவதையே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சொட்டு மருந்து எல்லாம் சரியாக் குடுத்திருக்கீங்களா?"

மனைவி அவனைப் பார்த்தாள். அவன் தரையைப் பார்த்தான்.

"பிறந்தப்ப ஒரு தடவை குடுத்தாங்க" என்றாள் மனைவி. "அதுக்கப்புறம் குடுக்கல."

"ஏன்?"

ஏன் என்பதற்கு அவனிடம் பதில் இருந்தது. அப்பா போன பிறகு அவனைப் படிக்கவைத்து, தொழில் பழக்கி, கல்யாணம் செய்துவைத்ததெல்லாம் அண்ணன்தான். அண்ணனுக்கு பேட்டரிக் கடை. கடையில் ஆள் வராத நேரமெல்லாம் போனில் ஏதாவது பார்த்துக்கொண்டிருப்பான். சொட்டு மருந்து குடித்த பிள்ளைகளுக்குப் பின்னால் பிள்ளை பிறக்காது என்று அதில் யாரோ சொன்னதை அவன் அப்படியே விழுங்கியிருந்தான். "வீடு தேடி வந்து சும்மா ஒண்ணு குடுக்கிறாங்கன்னா அதுக்குள்ள ஏதோ இருக்குடா" என்பான். நீலப் பெட்டியைத் தோளில் மாட்டிக்கொண்டு சுகாதாரப் பணிப்பெண்கள் வரும்போதெல்லாம் மாடிப்படியில் நின்று, "இந்த வீட்டுல யாருக்கும் வேண்டாம்" என்று மொத்த வீட்டுக்குமாகச் சொல்லி அனுப்பிவிடுவான். பணிப்பெண்களில் மூத்தவள் ஒருமுறை, "கீழ்வீட்டுப் பாப்பாவுக்காவது குடுங்களேன்" என்று பிளம்பரையே பார்த்துக் கெஞ்சினாள். அவன் பேசாமல் நின்றான். அண்ணன் பேச்சை மீற மனமில்லை என்பது பாதி. மீதி, அவனுக்கே ஒரு மிதப்பு இருந்தது. அவன் வீட்டுக் குழாய் அவன் கையால் போட்டது. தொட்டியை அவனே கழுவுவான், தண்ணீரைக் கொதிக்கவைத்துத்தான் குடிப்பார்கள். அழுக்குத் தண்ணீர் உள்ள வீட்டுக்குத்தானே அந்த நோயெல்லாம் வரும் என்று நினைத்தான்.

இதையெல்லாம் அரைகுறையாகச் சொல்லி முடித்தபோது டாக்டரம்மா திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலையாக இருந்திருக்கும்.

"தண்ணி சுத்தமா இருக்கிறது நல்லதுதான். ஆனா அது மட்டும் போதாது. இந்தக் கிருமி வாய் வழியா உள்ள போகும், குடல்ல பெருகும், மலத்துல வெளிய வரும். அங்கருந்து கைக்கு, தரைக்கு, விளையாட்டுச் சாமானுக்கு, திரும்பவும் இன்னொரு பிள்ளையோட வாய்க்கு. முக்காவாசிப் பிள்ளைகளுக்கு உள்ள வந்து போனதே தெரியாது. சிலதுக்குச் சளி, காய்ச்சல் மாதிரி வந்து போயிடும். எங்கயோ ஒரு பிள்ளைக்குத்தான் நரம்புக்குள்ள ஏறிக் கால முடக்கும்."

"அப்போ அந்த ஊசி?"

"காய்ச்சல்ல தேவையில்லாம ஊசி போட்டிருக்கக் கூடாது. ஆனா இதை அந்த ஊசி கொண்டுவரல. கிருமி ஏற்கெனவே உள்ள இருந்திருக்கும். பரிசோதனை முடிவு வந்தாத்தான் உறுதியாச் சொல்ல முடியும். எனக்கு போலியோன்னுதான் சந்தேகம். நம்ம நாட்டுல ஒழிஞ்சு போன நோய்தான், ஆனா மருந்து குடிக்காத பிள்ளைங்க இருந்தா திரும்பி வந்துரும்."

"மருந்து குடுத்தா நடந்துருவாளா?" என்று மனைவி கேட்டாள்.

"வந்ததுக்கப்புறம் இதைக் குணப்படுத்த மருந்து கிடையாதும்மா. வராம தடுக்கத்தான் மருந்து. பயிற்சி குடுத்தா கொஞ்சம் பலம் திரும்பலாம். முழுசாத் திரும்பும்னு நான் பொய் சொல்ல மாட்டேன்."

மனைவி துணி ஆலையில் பிசிறு வெட்டுபவள். நாள் முழுக்கக் கத்தரி பிடித்துக் காய்ந்த அந்த விரல்கள் கடுகின் பாதத்தைப் பிடித்துக்கொண்டன. அழவில்லை. அவனைப் பார்க்காமலே, "நீங்க அன்னைக்குப் படியிலதானே நின்னுக்கிட்டு இருந்தீங்க. ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?" என்றாள். அதற்குப் பிறகு பல நாள் தேவைக்கு மேல் அவள் அவனிடம் பேசவில்லை.

கடுகின் மலத்தை இரண்டு நாள் எடுத்துப் பனிக்கட்டிப் பெட்டியில் வைத்து எங்கோ அனுப்பினார்கள். மூச்சுத் தசைக்கு நோய் ஏறுகிறதா என்று நர்ஸ் வந்து வந்து பார்த்தாள். வார்டுக்கு வெளியே நடைபாதையில் சுவரோடு சாய்ந்து உட்கார்ந்திருந்த பிளம்பருக்கு அங்கேதான் தன் பூட்ஸ் நினைவுக்கு வந்தது.

அவன் சாக்கடை அடைப்பும் எடுப்பான். ரப்பர் பூட்ஸைக் கழற்றி வாசலில் போட்டதும் கடுகு ஓடிவந்து அதற்குள் இரண்டு காலையும் விட்டுக்கொண்டு, "அப்பா வேலைக்குப் போறேன்" என்று இழுத்து இழுத்து நடப்பாள். அவன் கைதட்டுவான். பூட்ஸைத் தொட்ட கையாலேயே அவள் எதையாவது எடுத்துத் தின்பாள். எழுந்து ஓடிப்போய் டாக்டரம்மாவின் முன்னால் நின்றான்.

"நான்தானா? நான்தான் கொண்டுவந்தேனா?"

"தெரியாது" என்றாள் அவள். "யாராலயும் சொல்ல முடியாது. நீங்களா இருக்கலாம், பக்கத்து வீட்டுப் பிள்ளையா இருக்கலாம். அதை விடுங்க, இதைக் கேளுங்க. ஒரு பிள்ளை முடங்கியிருக்குன்னா உங்க தெருவுல பல வீட்டுக்குள்ள இது போயிருக்கணும். வீட்டுல வேற சின்னக் குழந்தை இருக்கா?"

இருந்தது. மாடியில், அண்ணனின் கைக்குழந்தை. கல்யாணமாகி வெகுகாலம் கழித்துப் பிறந்த பிள்ளை. பொடியன் என்று கூப்பிடுவார்கள். ஒரு சொட்டு மருந்துகூட உள்ளே போகாத பிள்ளை. கடுகு காய்ச்சலோடு படுப்பதற்கு முன்தினம்வரை அவன் வாயில் தன் விரலை வைத்துச் சப்பக் கொடுத்து, "பல்லே இல்ல, ஆனா கடிக்கிறான்" என்று புகார் சொல்லிக்கொண்டிருந்தாள்.

அன்று சாயங்காலமே பிளம்பர் அண்ணன் முன்னால் போய் நின்றான். வாழ்நாளில் அண்ணனிடம் அவன் கேட்டு வாங்கியதெல்லாம் சின்னச் சின்ன விஷயங்கள். இதை எப்படிக் கேட்பதென்றே தெரியவில்லை.

"அண்ணா, பொடியனுக்கு சொட்டு மருந்து குடுத்துரலாம். நாளைக்கே. நானே கூட்டிட்டுப் போறேன்."

"உனக்கு மூளை குழம்பிருச்சா? ஒரு ஊசியில உன் பிள்ளை கால் போச்சு. அதைப் பார்த்தும் என் பிள்ளையக் கூட்டிட்டுப் போய் அவங்ககிட்டயே குடுக்கச் சொல்ற?"

"ஊசி இல்லண்ணா. கிருமி. டாக்டரம்மா சொன்னாங்க."

"டாக்டர் டாக்டரை விட்டுக்குடுப்பாளா? எல்லாம் ஒரே கூட்டம்." அண்ணன் குரல் உடைந்திருந்தது. கடுகின் மேல் அவனுக்கும் உயிர்தான். அதனால்தான் யாரையாவது குற்றவாளியாக்கியே தீர வேண்டியிருந்தது. தன் பக்கம் திரும்பிப் பார்க்க மட்டும் முடியவில்லை. "என் பிள்ளைக்கு ஒண்ணுன்னா நான் செத்துருவேன்டா. புரியுதா உனக்கு?"

"அதுக்குத்தாண்ணா சொல்றேன்."

"கீழ போ."

கதவு சாத்தப்பட்டது. சாத்துவதற்கு முன்னால் உள்ளே தொட்டிலருகே நின்ற அண்ணி அவனைப் பார்த்த பார்வை மட்டும் கண்ணில் நின்றது. அந்த வீட்டில் அண்ணி பேசி அவன் அதிகம் கேட்டதில்லை. 'சாப்பிடுங்க தம்பி' என்பதற்கு மேல் அவளுக்கு வார்த்தை வாய்த்ததில்லை.

அடுத்த நாளும் போனான், அதற்கடுத்த நாளும் போனான். மறுநாள் கதவே திறக்கவில்லை. ஆஸ்பத்திரிக்கும் வீட்டுக்கும் அலைந்ததில் வேலைக்குப் போவதையே விட்டுவிட்டான். குழாய் ஒழுகுகிறது என்று போன் செய்பவர்களிடம், "உங்க வீட்டுப் பிள்ளைக்கு சொட்டு மருந்து குடுத்தாச்சா?" என்று கேட்டான். ஆள் கழன்றுவிட்டான் என்று தெருவில் பேசிக்கொண்டார்கள். பேசியவர்களிலேயே இரண்டொருவர் மறுநாள் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு சுகாதார நிலையத்துக்குப் போனதாகவும் கேள்விப்பட்டான். அதற்குக்கூட அவன் மனம் ஆறவில்லை. அவனுக்கு வேண்டியது மாடி வீட்டுப் பிள்ளை.

பரிசோதனை முடிவு வந்தது. போலியோதான். தெரு முழுக்க வீடு வீடாக மருந்து கொடுக்க மறுநாள் ஆட்கள் வரப்போகிறார்கள் என்றும், ஒருவரையும் விடப்போவதில்லை என்றும் செய்தி பரவியது. அன்று மதியம் மாற்றுத்துணி எடுக்க வீட்டுக்குப் போன மனைவியிடமிருந்து அவனுக்கு போன் வந்தது.

"உங்க அண்ணன் பெட்டி கட்டிட்டாரு. அண்ணியையும் குழந்தையையும் அவங்க அம்மா ஊருக்குக் கூட்டிட்டுப் போறாராம். நாளைக்கு வர்றவங்க கண்ணுல படக் கூடாதுன்னு. இப்பதான் பஸ் ஸ்டாண்டுக்கு ஆட்டோ போகுது. ஓடுங்க."

பக்கத்துக் கட்டில்காரியிடம் கடுகைப் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டு ஓடினான். செருப்பு ஒன்று எங்கோ கழன்று போனது. பேருந்து நிலைய வாசலில் குடையை விரித்துக்கொண்டு இரண்டு பணிப்பெண்கள் பயணம் போகும் பிள்ளைகளுக்கு மருந்து கொடுத்துக்கொண்டிருந்தார்கள். அவர்களைத் தாண்டி, புகைக்கும் டீசல் நாற்றத்துக்கும் நடுவே ஒவ்வொரு பேருந்தாக எட்டிப் பார்த்தான். கடைசி வரிசையில் ஒரு பேருந்தின் இன்ஜின் உறுமிக்கொண்டிருந்தது. ஜன்னலோரம் அண்ணி, மடியில் பொடியன். படிக்கட்டில் அண்ணன்.

"அண்ணா, போகாதே! குழந்தைக்கு இப்பவே உள்ள இருந்தாலும் இருக்கலாம். போற ஊருக்கும் அதைக் கொண்டுபோவே. அந்தா வாசல்ல மருந்து இருக்கு. ரெண்டு சொட்டு. அதுக்கப்புறம் நீ எங்க வேணா போ."

"வழி விடுடா."

"நான் உன் காலைப் பிடிக்கிறேன்."

சொன்னபடியே பிடித்தான். பேருந்து நிலையத்தின் எண்ணெய்த் தரையில் மண்டியிட்டு அண்ணனின் இரண்டு கால்களையும் கட்டிக்கொண்டான். ஆட்கள் கூடிவிட்டார்கள். கண்டக்டர் விசில் அடித்து, "குடும்பச் சண்டையை இறங்கி வெச்சுக்குங்கப்பா, வண்டி எடுக்கணும்" என்றார். அண்ணன் அவமானத்தில் முகம் சிவந்து காலை உதறினான்.

"உன் பிள்ளைய நொண்டியாக்கின. இப்ப என் பிள்ளைக்கு வந்துட்டியா?"

அந்தச் சொல் விழுந்ததும் அவன் கை தானாக விட்டுப்போனது. அண்ணனும் சொன்ன பிறகுதான் சொன்னது உறைத்தவன் போல உதறிய காலைப் படியில் ஊன்றினான்.

"தம்பி."

ஜன்னலிலிருந்து குரல். அண்ணி கண்ணாடியை முழுக்கத் தள்ளித் திறந்திருந்தாள். துணியில் சுற்றிய குழந்தையை இரண்டு கையாலும் வெளியே நீட்டினாள். "பிடிங்க. கெட்டியாப் பிடிங்க. நான் இறங்கி வர்றேன்."

அவன் வாங்கிக்கொண்டு ஓடினான். பின்னால் அண்ணன் கத்துவதும், "நகருங்க, நான் இறங்கணும்" என்று அண்ணி அதைவிடப் பெரிதாகக் கத்துவதும் கேட்டது. அவளுக்கு அவ்வளவு குரல் உண்டு என்று அன்றைக்குத்தான் அவன் அறிந்தான்.

குடைக்குக் கீழே இருந்த பணிப்பெண், மூச்சிரைக்க நின்ற ஒற்றைச் செருப்புக்காரனைப் பார்த்துத் தயங்கினாள். "நீங்க யாரு? குழந்தையோட அம்மா எங்க?"

"நான்தான் அம்மா" என்று கலைந்த தலையோடு வந்து நின்றாள் அண்ணி. "குடுங்க."

பொடியனின் கன்னத்தை லேசாக அழுத்தியதும் வாய் திறந்தது. சொட்டுகள் விழுந்தன. அவன் முகத்தைச் சுளித்தான், சப்புக்கொட்டினான், சுண்டுவிரலில் மை வைத்த பெண்ணை முறைத்தான். "இது ஒரு தடவைதான். அடுத்தடுத்த தவணையும் விடாம குடுக்கணும், அப்போதான் முழுப் பாதுகாப்பு" என்று அவள் சொல்லிக்கொண்டிருக்கும்போதே அண்ணன் வந்து சேர்ந்தான். தம்பியின் கன்னத்தில் பளாரென்று அறைந்தான். அந்தப் பக்கம் பேருந்து கிளம்பிவிட்டது. இவர்களின் பெட்டி மட்டும் ஊருக்குப் போனது.

அத்தோடு முடிந்திருந்தால் நன்றாயிருக்கும். அந்த வாரக் கடைசியில் பொடியனுக்குக் காய்ச்சல் வந்தது.

அண்ணன் குழந்தையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு ஆஸ்பத்திரி வார்டுக்குள் ஓடிவந்தான். "என்னடா குடுத்தீங்க என் பிள்ளைக்கு?" என்று தம்பியின் தோளைப் பிடித்து உலுக்கினான். பிளம்பரின் கண் பொடியனின் காலையே தேடியது. மருந்து போவதற்கு முன்பே கிருமி போயிருந்தால்? ஒரு தவணை போதாமல் இருந்தால்? டாக்டரம்மா ரப்பர் சுத்தியை எடுத்தபோது இரண்டு சகோதரர்களும் மூச்சு விடவில்லை. ஒரு முழங்காலைத் தட்டினாள், துள்ளியது. அடுத்ததைத் தட்டினாள். துள்ளியது.

"காதுல சீழ் பிடிச்சிருக்கு. காய்ச்சல் அதனாலதான். ஆனா இங்கயே வெச்சுப் பார்ப்போம்."

வேறு இடமில்லாமல் கடுகின் கட்டிலுக்கு எதிரிலேயே படுக்கை கொடுத்தார்கள். அண்ணன் தூங்கவில்லை. பிள்ளையின் உள்ளங்காலை விரலால் வருடுவான். பாதம் சுருங்கினால் கண்ணை மூடிக்கொள்வான். கொஞ்ச நேரத்தில் சந்தேகம் வந்து மறுபடி வருடுவான். பொடியன் எரிச்சலில் இரண்டு காலாலும் அவன் கையை உதைத்தான்.

அதை எதிர்க்கட்டிலிலிருந்து கடுகு பார்த்துக்கொண்டே இருந்தாள்.

"பெரியப்பா, பாப்பா கால் ஆடுதா?"

"ஆடுதும்மா."

"ரெண்டும் ஆடுதா?"

"ரெண்டும் ஆடுது."

"என்னோடது ஒண்ணுதான் ஆடுது. இது எப்போ ஆடும்?"

அண்ணன் அப்போதுதான் போர்வைக்கு வெளியே கிடந்த அந்தக் காலைச் சரியாகப் பார்த்தான். இத்தனை நாளாக அவன் பார்க்கத் துணியாத கால். எழுந்தான். சுவரைப் பிடித்துக்கொண்டே வெளியே நடைபாதைக்குப் போனவன் வெகுநேரம் திரும்பிவரவில்லை.

பொடியன் தேறி வீட்டுக்குப் போனான். அடுத்த தவணைக்கு நீலப் பெட்டிக்காரர்கள் வந்தபோது அண்ணன் படியில் நிற்கவில்லை. அண்ணி குழந்தையோடு கீழே வந்து நின்றாள். அண்ணனும் தம்பியும் இன்றுவரை கன்னத்தில் விழுந்த அந்த அறையைப் பற்றியோ பேருந்து நிலையத்தைப் பற்றியோ பேசிக்கொண்டதில்லை. அண்ணன் மன்னிப்புக் கேட்கவில்லை. தம்பி எதிர்பார்க்கவும் இல்லை. தன்னுடைய பங்கு எவ்வளவு என்று அவனுக்குத் தெரியும். மனைவி மட்டும் மாடிப்பக்கம் தலை நிமிர்ந்து பார்ப்பதை நிறுத்திவிட்டாள்.

கடுகின் இடுப்பில் கொஞ்சம் பலம் திரும்பியது. முழங்காலுக்குக் கீழே எதுவும் திரும்பவில்லை. ஆஸ்பத்திரியில் அவள் காலுக்கு அளவெடுத்து இரும்புக் கம்பியும் தோல்பட்டையும் வைத்த தாங்கு கருவி ஒன்று செய்து கொடுத்தார்கள். வளர வளர மாற்ற வேண்டுமென்றார்கள். எவ்வளவு காலத்துக்கு என்று அவன் கேட்கவில்லை.

அவளுக்கு அதைக் கண்டாலே ஆகாது. காலையில் அவன் எழுவதற்குள் தவழ்ந்துபோய்க் கட்டிலுக்கு அடியில் தள்ளிவிடுவாள். அரிசிப் பானைக்குள் ஒளித்துவைப்பாள். அவன் தேடி எடுத்துவந்து எதிரில் உட்கார்ந்து, மெலிந்து குளிர்ந்திருக்கும் அந்தக் காலை மடியில் தூக்கி வைத்து, நீட்டி மடக்கிப் பயிற்சி கொடுத்துவிட்டுப் பட்டையை இறுக்குவான்.

"வேண்டாம்ப்பா. வலிக்குது. இது என் கால் இல்ல. கழட்டு!"

இரண்டு கை முட்டிகளாலும் அவன் தலையில் குத்துவாள். காதைப் பிடித்து இழுப்பாள். மனைவி சமையலறையில் குழாயைத் திறந்துவிட்டுக்கொள்வாள், சத்தம் கேட்காமலிருக்க. அவன் தலையைக் குனிந்து கொடுத்துக்கொண்டே அடுத்த பட்டையை எடுப்பான். அவளுக்குக் கை ஓயும்வரை அடிக்கட்டும் என்று விட்டுவிடுவான்.